நாற்காலியில் உட்கார வைத்துச் சுடப்பட்ட சங்கச் செயலாளர்



சங்கத்துக்காக வேலையை இழந்தவர்களை நமக்குத் தெரியும். ஜெயிலுக்குப் போனவர்களைப் பற்றியும் கேள்விப்பட்டிருக்கிறோம். ஆனால் காலில் குண்டடிபட்டு எழுந்து நிற்கக்கூட முடியாமல் கிடந்த ஒரு சங்கச் செயலாளரை ஸ்டிரெச்சரில் தூக்கி வந்து, நாற்காலியில் உட்கார வைத்துச் சுட்டுக் கொன்ற கதையைக் கேட்டிருக்கிறீர்களா? 1916ஆம் ஆண்டு மே மாதம் 12ஆம் தேதி, விடியற்காலையில், அயர்லாந்து நாட்டின் தலைநகரான டப்ளினில் அது நடந்தது. சுட்டது வெள்ளைக்கார அரசாங்கம். சுடப்பட்டவரும் வெள்ளைத் தோல்காரர்தான். அவர் பெயர் ஜேம்ஸ் கானலி. வயது 47.

நாட்டு விடுதலைக்குப் போராடிய வீரர் என்றுதான் புத்தகங்கள் அவரைப் பற்றிச் சொல்கின்றன. அது உண்மையே. ஆனால் அதற்கு முன்னால் அவர் நம்மைப் போல ஒரு சங்க ஆள். சந்தா வசூலித்தவர், கேட் வாசலில் நின்று பேசியவர், வீட்டில் அரிசி இல்லாதபோதும் கூட்டத்துக்குப் போனவர். அந்தக் கானலியைப் பற்றித்தான் இந்த வாரம் உங்களோடு பேசப் போகிறேன்.

முதலில் அந்த நாட்டைப் பற்றி நாலு வார்த்தை. அயர்லாந்து, இங்கிலாந்துக்குப் பக்கத்திலேயே கடலுக்குள் இருக்கும் தீவு. பல நூறு ஆண்டுகள் இங்கிலாந்தின் பிடியில் இருந்தது. நிலமெல்லாம் பெரிய துரைமார் கையில். உழுதவன் குத்தகை கட்டிவிட்டு உருளைக்கிழங்கைத் தின்று உயிர் வாழ்ந்தான். 1845ல் அந்த உருளைக்கிழங்குச் செடியில் நோய் விழுந்தது. சில ஆண்டுகளில் ஏறத்தாழ 10 லட்சம் பேர் பசியாலும் காய்ச்சலாலும் செத்தார்கள். இன்னும் 10 லட்சம் பேர் கப்பலேறி ஊரை விட்டே போனார்கள். அதே ஆண்டுகளில் அந்த நாட்டுத் தானியமும் வெண்ணெயும் மாடுகளும் இங்கிலாந்துக்கு ஏற்றுமதியாகிக்கொண்டிருந்தன. சோறு இல்லாமல் அல்ல, சோற்றை வாங்கக் காசில்லாமல் செத்தார்கள். இதை நாம் மனதில் வைத்துக்கொள்ள வேண்டும்.

அப்படி ஊரை விட்டுப் பிழைக்கப் போனவர்கள் நெருக்கியடித்து வாழ்ந்த இடங்களில் ஒன்று, ஸ்காட்லாந்தில் எடின்பரோ நகரத்தின் கௌகேட் சேரி. அங்கேதான் 1868 ஜூன் 5ஆம் தேதி கானலி பிறந்தார். அப்பா நகராண்மைக் கழகத்தில் குப்பை வண்டிக்காரர். இரவில் தெருத் தெருவாகச் சாணத்தையும் கழிவையும் அள்ளிக்கொண்டு போகும் வேலை.

பையனுக்குப் பத்துப் பதினொரு வயதிலேயே பள்ளிக்கூடம் முடிந்துவிட்டது. ஒரு பத்திரிகை அச்சகத்தில் மை உருளை கழுவும் வேலைக்குப் போனான். சட்டப்படி வேலைக்கு வைக்கக் கூடாத வயசு. இன்ஸ்பெக்டர் சோதிக்க வந்து கண்டுபிடித்ததும் அந்த வேலையும் போனது. அப்புறம் ரொட்டிக் கடை, அப்புறம் ஓடு பதிக்கும் வேலை. 14 வயதில் வயதைக் கூட்டிச் சொல்லிப் பிரிட்டிஷ் பட்டாளத்தில் சேர்ந்தார் என்று வரலாற்றாசிரியர்கள் எழுதுகிறார்கள். வயிற்றுப் பசி அந்தச் சீருடையைப் போட வைத்தது. தம் முன்னோரின் மண்ணை அவர் முதன்முதலில் மிதித்ததே அந்தச் சீருடையோடுதான். ஆள்கிறவன் கையில் இருக்கும் துப்பாக்கி யாரைப் பார்த்துத் திரும்பியிருக்கிறது என்பதை அவர் பட்டாளத்துக்குள் இருந்தே தெரிந்துகொண்டார்.

டப்ளினில் லில்லி ரெனால்ட்ஸ் என்ற பெண்ணைச் சந்தித்தார். ஒரு வீட்டில் வேலைக்காரப் பெண். இவர் கத்தோலிக்கர், அவர் புரொட்டஸ்டண்ட். அந்த ஊரில் அது சின்ன வித்தியாசம் இல்லை. ஆனாலும் 1890ல் கல்யாணம் செய்துகொண்டார்கள். பட்டாளத்தை விட்டு வந்து, எடின்பரோவில் அப்பா செய்த அதே வண்டிக்கார வேலையைச் செய்தார் கானலி. மாலையில் தொழிலாளர் கூட்டங்களுக்குப் போவார், இரவில் படிப்பார். நகராண்மைத் தேர்தலில் நின்று தோற்றார். பிறகு செருப்புத் தைக்கும் கடை போட்டார். அதுவும் நொடித்துப்போனது. நல்ல பேச்சாளர், ஆனால் செருப்பு தைக்க வரவில்லை, அவ்வளவுதான்!

1896ல் டப்ளின் சோஷலிஸ்டுகள் வாரம் ஒரு பவுன் சம்பளத்தில் அமைப்பாளர் வேலைக்குக் கூப்பிட்டார்கள். குடும்பத்தோடு போனார். ஒரே அறையில் குடியிருப்பு. எட்டுப் பேரை வைத்துக்கொண்டு ஒரு கட்சியைத் தொடங்கினார். ஒரு பவுன் சம்பளம் பல வாரம் வரவே இல்லை. லில்லி சாமான்களை அடகு வைத்துச் சமாளித்தார். இந்த அம்மாளைப் பற்றி வரலாறு அதிகம் பேசுவதில்லை. ஆனால் சங்க வேலைக்குப் போகிற ஒவ்வொருவன் வீட்டிலும் ஒரு லில்லி இருக்கிறார். அவர் மட்டும் வாசலை மறித்து நின்றால் பாதிச் சங்கம் இருக்காது. இதை என் வீட்டுக்காரி படிப்பார் என்பதால் சொல்லவில்லை, உண்மை என்பதால் சொல்கிறேன்.

கானலியின் கொள்கை இதுதான். கோட்டையில் கொடியை மட்டும் மாற்றினால் போதாது. நிலமும் தொழிற்சாலையும் பழைய முதலாளி கையிலேயே இருந்தால், நாட்டுக்குக் கிடைக்கும் விடுதலை பாட்டாளிக்குக் கிடைத்ததாகாது என்றார். நாட்டுப்பற்றாளர்களுக்கு அவருடைய சோஷலிசம் பிடிக்கவில்லை. மற்ற நாட்டு சோஷலிஸ்டுகள் சிலருக்கு அவருடைய நாட்டுப்பற்று புரியவில்லை. இரண்டு பக்கமும் திட்டு வாங்கினார்.

பிழைப்பு நடக்காமல் 1903ல் அமெரிக்காவுக்குக் கப்பலேறினார். அடுத்த ஆண்டு குடும்பத்தை வரவழைத்தார். துறைமுகத்தில் காத்திருந்தவர் பிள்ளைகளை எண்ணிப் பார்த்தால் ஒன்று குறைகிறது. மூத்த மகள் மோனா, 13 வயது. புறப்படுவதற்குச் சற்று முன்பு துணியில் தீப்பிடித்து இறந்துவிட்டாள். அந்தச் சேதி அப்பாவுக்கு அங்கேதான் தெரிந்தது. அதையும் நெஞ்சில் போட்டுக்கொண்டுதான் அவர் வேலை தேடினார். இன்சூரன்ஸ் வசூல், தொழிற்சாலை வேலை, பிறகு மறுபடியும் சங்க அமைப்பாளர். இத்தாலியத் தொழிலாளர்களிடம் பேச வேண்டும் என்பதற்காகவே இத்தாலிய மொழியைக் கற்றுக்கொண்டார். பல மொழி பேசும் ஆட்களைச் சேர்த்துச் சங்கம் நடத்துகிற நமக்கு அதன் அருமை தெரியும்.

1910ல் திரும்பி வந்தார். அதே ஆண்டில் அயர்லாந்துத் தொழிலாளர்களின் வரலாற்றைப் பற்றி அவர் எழுதிய நூல் வெளிவந்தது. பத்து வயதில் பள்ளியை விட்ட மனிதர் எழுதிய அந்த நூலை இன்றும் படிக்கிறார்கள். ஜிம் லார்க்கின் என்பவர் 1909ல் தொடங்கிய போக்குவரத்து, பொதுத் தொழிலாளர் சங்கத்துக்கு, 1911ல் பெல்பாஸ்ட் நகரத்தில் அமைப்பாளரானார்.

பெல்பாஸ்ட் என்றால் நமக்கு ஒரு சம்பந்தம் உண்டு. காற்றடைத்த ரப்பர் டயரை 1888ல் டன்லப் என்ற மாட்டு வைத்தியர் செய்து பார்த்தது அந்த ஊரில்தான். அந்த டயர் உருளத் தொடங்கியதால்தானே நம் பாட்டன்மார் வெட்டுக்காட்டுக்கு வந்தார்கள்! ஆனால் கானலி போன நேரத்தில் அந்த ஊரின் பெரிய தொழில் சணல் நூல் ஆலை. ஆயிரக்கணக்கான பெண்கள் ஈரத்திலும் தூசியிலும் நின்று வேலை செய்தார்கள். 1911ல் நிர்வாகம் புது விதிகளைப் போட்டது. வேலை நேரத்தில் பாடக் கூடாது, பேசக் கூடாது, சிரிக்கக் கூடாது, தலைமுடியைச் சரிசெய்யக் கூடாது. மீறினால் அபராதம் அல்லது சீட்டுக் கிழியும். பெண்கள் வேலையை நிறுத்தி வெளியே வந்தார்கள். ஆனால் கையில் காசில்லை, போராட்டம் நீடிக்காது என்பது தெரிந்தது.

கானலி என்ன யோசனை சொன்னார் தெரியுமா? எல்லோரும் ஒன்றாக உள்ளே போங்கள். ஒருத்தியை அதட்டினால் எல்லோரும் சிரியுங்கள். ஒருத்தி பாடினாள் என்று தண்டித்தால் எல்லோரும் பாடுங்கள். ஒருத்தியை நிறுத்தினால் எல்லோரும் வெளியே வாருங்கள் என்றார். அந்தப் பெண்கள் கூட்டமாகப் பாடிக்கொண்டே ஆலைக்குள் போனார்கள். போராட்டம் காகிதத்தில் தோல்விதான். ஆனால் அந்த விதிகளை வைத்து நிர்வாகத்தால் ஒன்றும் செய்ய முடியவில்லை. ஐம்பது பேரும் சேர்ந்து சிரித்தால் எத்தனை பேருக்கு அபராதம் போடுவான்? வேலை நிறுத்தம் செய்யச் சொல்வது சுலபம். தோற்றுப்போன ஆட்களை நிமிர்ந்த தலையோடு திரும்பக் கூட்டிப் போவதுதான் கஷ்டம். அதில்தான் சங்கக்காரனின் திறமை தெரியும்.

அடுத்தது 1913. டப்ளினில் ஏறத்தாழ 20,000 குடும்பங்கள் ஒரே அறையில் வாழ்ந்த காலம். டிராம் கம்பெனி, பத்திரிகை, ஹோட்டல் என்று பலவற்றை நடத்திய வில்லியம் மார்ட்டின் மர்பி என்ற பெரிய முதலாளி, சங்கத்தில் இருப்பவர்களை வேலையிலிருந்து நீக்கத் தொடங்கினார். ஆகஸ்ட் 26ஆம் தேதி டிராம் தொழிலாளர்கள் வண்டிகளை நடுத்தெருவில் நிறுத்திவிட்டு இறங்கிவிட்டார்கள். மர்பியின் பின்னால் 400க்கும் மேற்பட்ட முதலாளிகள் சேர்ந்துகொண்டு ஒரு காகிதத்தை நீட்டினார்கள். லார்க்கின் சங்கத்தில் இல்லை, இனி சேரவும் மாட்டேன் என்று கையெழுத்துப் போட வேண்டும். போடாதவனுக்குக் கதவடைப்பு. ஏறத்தாழ 20,000 பேர் வேலையிழந்தார்கள்.

அந்தக் காகிதத்தைப் பற்றிப் படிக்கும்போது எனக்கு ஒரு பழைய சம்பவம் ஞாபகம் வரும். நான் சங்க வேலைக்கு வந்த புதிதில் ஒரு தோட்டத்தில் உறுப்பினர் பாரத்தைக் கொடுத்தேன். பெயர் வேண்டாம். ஒரு பால் வெட்டும் அக்கா பாரத்தை வாங்கி, மடித்து, ரவிக்கைக்குள் வைத்துக்கொண்டு, ராத்திரி வா தம்பி என்றார். பகலில் கையெழுத்துப் போடப் பயம். ராத்திரி மண்ணெண்ணெய் விளக்கு வெளிச்சத்தில் அந்த லயத்தில் பதினோரு பேர் கையெழுத்துப் போட்டார்கள். ஒரு கையெழுத்துக்கு எவ்வளவு கனம் என்று அன்றைக்குத்தான் எனக்குப் புரிந்தது. டப்ளினில் அந்தக் கையெழுத்தைப் போட மறுத்தவர்கள் எல்லோரும் அந்தச் சங்கத்தில் உறுப்பினர்கள்கூட இல்லை. அவர்களும் மறுத்தார்கள்.

போலீஸ் தடியடியில் நூற்றுக்கணக்கானவர்கள் காயம்பட்டார்கள், உயிர்களும் போயின. கானலிக்கு மூன்று மாதச் சிறை. உள்ளே உண்ணாவிரதம் இருந்தார். ஒரு வாரத்தில் விடுவித்தார்கள். தொழிலாளர்களைத் தடியிலிருந்து காக்க 1913 நவம்பரில் தொழிலாளர் படை ஒன்று உருவானது. ஐரிஷ் குடிமக்கள் படை என்று அதற்குப் பெயர். பெண்களுக்கும் அதில் இடம் இருந்தது. இங்கிலாந்துத் தொழிலாளர்கள் கப்பலில் உணவு அனுப்பினார்கள். ஆனால் ஆதரவு வேலை நிறுத்தத்துக்கு அவர்களுடைய தலைமை மறுத்துவிட்டது. 1914 தொடக்கத்தில் பசி ஜெயித்தது. தொழிலாளர்கள் கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்பினார்கள். சங்கத்துக்குக் கடன் மலைபோல. லார்க்கின் அமெரிக்கா போனார். உடைந்த சங்கத்தைக் கையில் ஏந்திக்கொண்டு நின்றவர் கானலி. தற்காலிகப் பொதுச் செயலாளரும் அவரே, தொழிலாளர் படைத் தளபதியும் அவரே.

அதே ஆண்டு உலகப் போர் வந்தது. எல்லா நாட்டுத் தொழிலாளியும் தன் அரசனுக்காக இன்னொரு நாட்டுத் தொழிலாளியைக் கொல்லப் போனான். அயர்லாந்திலிருந்தும் பெருங்கூட்டம் பிரிட்டிஷ் பட்டாளத்துக்குப் போனது. வீட்டில் சாப்பாடு இல்லாதவனுக்குப் பட்டாளச் சம்பளம் வேலை மாதிரிதான். தானே அப்படிப் போனவர் என்பதால் கானலிக்கு அது நன்றாகத் தெரியும். இனிப் பொறுக்க முடியாது என்று முடிவெடுத்தார். ரகசியமாக எழுச்சிக்குத் திட்டமிட்டுக்கொண்டிருந்த தேசியவாதிகளோடு 1916 ஜனவரியில் கைகோத்தார்.

அந்த எழுச்சிக்காக ஜெர்மனியிலிருந்து ஆயுதம் கொண்டுவர முயன்றவர் ரோஜர் கேஸ்மென்ட். இவரையும் ரப்பர்க்காரர்கள் மறக்கக் கூடாது. ஆப்பிரிக்காவின் காங்கோவில் காட்டு ரப்பருக்காகக் கறுப்பின மக்களின் கைகளை வெட்டிய கொடுமையை 1904ல் அறிக்கையாக உலகுக்குச் சொன்னவர். பிறகு தென் அமெரிக்காவின் புட்டுமாயோ காட்டில் ரப்பருக்காகச் செவ்விந்தியர்களை வதைத்ததையும் அம்பலப்படுத்தியவர். ஆயுதக் கப்பல் பிடிபட்டது, அவரும் பிடிபட்டார். 1916 ஆகஸ்ட் 3ஆம் தேதி லண்டனில் தூக்கிலிடப்பட்டார்.

கப்பல் போச்சு. கடைசி நேரத்தில் தொண்டர் படைத் தலைவர் ஒருவர் எழுச்சியை நிறுத்தச் சொல்லிப் பத்திரிகையிலேயே உத்தரவு போட்டுவிட்டார். தோல்வி நிச்சயம் என்று தெரிந்தும், ஏப்ரல் 24ஆம் தேதி, ஈஸ்டர் திங்கட்கிழமை, டப்ளினில் சுமார் 1,200 பேர் இறங்கினார்கள். அதில் தொழிலாளர் படையினர் 220 பேர் இருக்கும். சுதந்திரப் பிரகடனம் எங்கே அச்சானது தெரியுமா? கானலியின் சங்கக் கட்டடத்தில், பழைய அச்சு இயந்திரத்தில். எழுத்துப் போதாமல் மேல் பாதியை முதலில் அடித்து, எழுத்தைப் பிரித்துக் கோத்துக் கீழ்ப் பாதியை அடித்தார்கள். சிறுவயதில் அச்சக மை உருளை கழுவியவரின் சங்கத்தில் ஒரு நாட்டின் பிறப்புச் சீட்டு அச்சாகிறது, பாருங்க! ஆணுக்கும் பெண்ணுக்கும் சம உரிமை என்றது அந்தப் பிரகடனம். கையெழுத்திட்ட ஏழு பேரில் கானலி ஒருவர்.

பெரிய தபால் நிலையத்தைப் பிடித்துத் தலைமையிடமாக்கினார்கள். எதிர்ப்பக்கம் மர்பியின் ஹோட்டல். 1913ல் தொழிலாளர்களைப் பட்டினி போட்ட அதே மர்பி. அதன் உச்சியில் ஏர்க்கலப்பையும் நட்சத்திரங்களும் போட்ட தொழிலாளர் கொடியை ஏற்ற வைத்தார் கானலி. பெல்பாஸ்ட் ஆலைப் பெண்களின் சங்கத்தில் வேலை செய்த வினிப்ரெட் கார்னி தட்டச்சு இயந்திரத்தோடு தபால் நிலையத்துக்குள் வந்து, அவருடைய உத்தரவுகளை அடித்துக் கொடுத்தார்.

ஆறு நாள் சண்டை. பிரிட்டிஷார் பீரங்கியைக் கொண்டுவந்தார்கள். சங்கக் கட்டடத்தின் மேல் ஆற்றிலிருந்த கப்பல் குண்டு போட்டது. வியாழக்கிழமை கானலியின் கணுக்காலைத் தோட்டா நொறுக்கியது. கட்டிலில் படுத்தபடியே உத்தரவு போட்டார். நகரம் எரிந்தது. சனிக்கிழமை, 29ஆம் தேதி, சரணடைந்தார்கள். இறந்தவர்கள் சுமார் 485 பேர். பாதிக்கு மேல் சண்டையில் சேராத பொதுமக்கள், ஏழைத் தெருக்களின் குழந்தைகளும் அதில் உண்டு. இதை மறைக்கக் கூடாது. கைதாகிப் போனவர்களைப் பார்த்து டப்ளின் மக்களில் பலர் அன்றைக்குக் காறித் துப்பினார்கள்.

பிறகுதான் பிரிட்டிஷ் தளபதி பெரிய தவறைச் செய்தார். மே 3ஆம் தேதியிலிருந்து, சில நாட்களுக்கொரு முறை, விடியற்காலையில் இரண்டு பேர், நான்கு பேர் என்று சுட்டுக்கொண்டே வந்தார். மர்பியின் பத்திரிகை, மீதித் தலைவர்களுக்கும் இரக்கம் காட்டக் கூடாது என்ற தொனியில் எழுதியது. படுக்கையிலேயே கானலிக்கு ராணுவ விசாரணை நடந்தது. கடைசி இரவில் லில்லியையும் மகள் நோராவையும் கூட்டி வந்தார்கள். தம் வாக்குமூலத்தின் பிரதியை மகளின் கையில் ரகசியமாகத் திணித்தார். விடிந்ததும் ஆம்புலன்சில் கில்மைன்ஹம் சிறைக்குக் கொண்டுபோனார்கள். மீதியை முதலிலேயே சொல்லிவிட்டேன்.

டப்ளினில் கடைசியாகச் சுடப்பட்டவர்களில் அவர் ஒருவர். ஆனால் காறித் துப்பிய அதே மக்கள் மனம் மாறினார்கள். 1918 தேர்தலில் அயர்லாந்தின் 105 இடங்களில் 73ஐ விடுதலைக் கட்சி வென்றது. 1922ல் நாட்டின் பெரும்பகுதி தன்னாட்சி பெற்றது, 1949ல் முழுக் குடியரசானது. வடக்கே ஆறு மாவட்டங்கள் பிரிட்டனோடு நின்றுவிட்டன. நாட்டைப் பிரித்தால் தொழிலாளர்களும் மதவாரியாகப் பிரிந்துபோவார்கள் என்று 1914லேயே கானலி எச்சரித்திருந்தார். அது அப்படியே நடந்தது.

அந்த நாட்களில் டப்ளினில் சட்டம் படித்துக்கொண்டிருந்த ஓர் இந்திய மாணவர் 1916ல் நாடு திரும்ப நேர்ந்தது. அவர் பின்னர் ரயில்வேத் தொழிலாளர் தலைவராகி, 1969ல் இந்தியாவின் ஜனாதிபதியானார். அவர்தான் வி.வி. கிரி. தீப்பொறி எங்கெங்கே போய் விழுகிறது பாருங்கள்!

கானலி துப்பாக்கி எடுத்தது சரியா என்று அவருடைய சங்கத்திலேயே அன்றைக்குக் கேட்டவர்கள் இருந்தார்கள். சங்கக் கட்டடத்தின் மேல் விடுதலைக் கொடி ஏற்றுவதற்கே நிர்வாகக் குழுவில் எதிர்ப்பு இருந்தது. பாதிப்பு உறுப்பினருக்குத்தானே என்று பயந்தார்கள். அந்தப் பயம் நியாயமானது. நம்முடைய வழி பேச்சுவார்த்தை, சட்டம், ஒற்றுமை. நான் இதை எழுதுவது யாரையும் துப்பாக்கி எடுக்கச் சொல்வதற்காக அல்ல.

எனக்கு அவரிடம் பிடித்தது வேறு. 1914ல் அந்தச் சங்கம் செத்துவிட்டது என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். 1916ல் கட்டடமும் இடிந்தது, செயலாளரும் போனார். ஆனால் 1920ல் அதன் உறுப்பினர் எண்ணிக்கை ஒரு லட்சத்தைத் தாண்டியது. 1965ல் அதே இடத்தில் 16 மாடிக் கட்டடம் எழுந்தது. பக்கத்து ரயில் நிலையத்துக்கு இன்று கானலியின் பெயர். பசியால் தோற்று, தலைகுனிந்து வேலைக்குத் திரும்பிய அந்த டப்ளின் தொழிலாளர்கள், சங்கத்தை மனதில் விட்டுவிடவில்லை. கானலி அவர்களை விட்டு ஓடாமல், கடனையும் ஏச்சையும் சுமந்துகொண்டு கூடவே நின்றதுதான் காரணம் என்று நான் நம்புகிறேன்.

சங்கம் என்ன செய்தது என்று கேட்பவர்கள் எல்லாக் காலத்திலும் உண்டு. கேட்கட்டும், கேட்கத்தான் வேண்டும். கேட்டுவிட்டு, வருகிற ஞாயிற்றுக்கிழமை கிளைக் கூட்டத்துக்கும் வந்து உட்காருங்கள். போன கூட்டத்தில் நாற்காலிகள் பாதி காலியாக இருந்தன.